முதல் பத்து வருஷம், பின் பத்து வருஷம்

பிப்ரவரி 9

அன்புத் தம்பி கடைக்குட்டிக்கு,

வெள்ளத்தில் ரயில் பாலம் சாய்ந்து, ஐஸ் கம்பெனி தீப்பிடித்து எரிந்து, நம் அப்பா ஒரே நாளில் இரண்டு முன்பற்களையும் பிடுங்கிக்கொண்டு வந்த வருஷம் உனக்கு மறந்திருக்காது. அந்த வருஷம்தான் நாம் வீட்டுக் கடன் வாங்கினோம். வருஷத்துக்கு நம்பர் போட எனக்குத் தெரியாது. அப்பாவின் வாய் ஓட்டை எனக்கு நம்பரைவிட நன்றாக ஞாபகம் இருக்கிறது.

நான் சொல்லச் சொல்ல என் மகள் எழுதுகிறாள். நான் திட்டும் இடத்தையெல்லாம் விட்டுவிடுகிறாள் என்று ஒரு சந்தேகம். போனில் பேசலாம்தான். ஆனால் போனில் நான் "சாப்பிட்டியா?" என்றால் நீ "இங்க மழையே இல்லண்ணே" என்கிறாய். பேக்கரி அடுப்பு விசிறிச் சத்தத்தில் போன காது, உன்னைக் குற்றம் சொல்ல முடியாது.

உன் வக்கீல் அனுப்பின பத்திரம் வந்தது. வீட்டில் உன் பாதியை எனக்கே விட்டுக்கொடுக்கிறாயாம். சம்மதம் என்று நான் கைநாட்டு வைத்துத் திருப்பி அனுப்ப வேண்டுமாம். வைக்கவில்லை. இத்தனை வருஷம் பேச்சைக் குறைத்தாய், இப்போது சுவரையும் அறுத்துக்கொண்டு போகிறாயே என்று எனக்கு ஆத்திரம். வசைபாடி ஒரு கடிதம் போடத்தான் இருந்தேன். அதற்குள் ஒன்று நடந்துவிட்டது.

மகளும் மருமகனும் புது வீடு பார்த்திருக்கிறார்கள். கடன் கேட்க பேங்குக்குப் போனபோது என்னையும் கூட்டிப் போனார்கள். அங்கே இருந்த ஆபீஸர் பையன் ஒரு படத்தைத் திருப்பிக் காட்டினான். வரிசையாகக் கட்டங்கள், மாசத்துக்கு ஒன்று. "சிவப்பு வட்டி ஐயா, பச்சை அசல்" என்றான். எழுத்துத் தெரியாதவனுக்கும் நிறம் தெரியுமே! பார்த்தேன். ஆரம்பம் முழுக்கச் சிவப்பு, அடியில் நூல் மாதிரி ஒரு பச்சை.

"என்ன தம்பி, மெஷின்ல பச்சை மை தீந்துபோச்சா?" என்றேன்.

அவன் சிரித்துவிட்டான். "இல்லீங்க ஐயா. மாசாமாசம் கட்டுறது ஒரே தொகைதான். ஆனா பாக்கி பெருசா இருக்கும்போது வட்டியே அதுல முக்கால்வாசிய தின்னுடும். பாக்கி கொறயக் கொறயத்தான் பச்சை ஏறும்."

கடைசிப் பக்கத்தைக் காட்டினான். அங்கே எல்லாம் பச்சை.

நம் கடன் ஞாபகம் வந்தது. "தம்பி, அந்தக் காலத்துல நூத்துக்குப் பன்னெண்டு வட்டி. இருபது வருஷக் கடன். பத்து வருஷம் கட்டியாச்சுன்னா பாக்கி எவ்வளவு நிக்கும்? பாதிதானே?" என்று கேட்டேன். அவன் விரலால் தட்டிப் பார்த்தான்.

"பாதி இல்லீங்க. முக்கால் பங்குக்கு மேல நிக்கும்."

"ஒரு மாசம்கூட விடாம கட்டியிருந்தாலுமா?"

"விடாம கட்டியிருந்தாலும்தான்."

உட்கார்ந்திருந்த நாற்காலியே ஆடின மாதிரி இருந்தது தம்பி.

நமக்குள் பேச்சு என்ன? முதல் பத்து வருஷம் நான் கட்டுவது, பின் பத்து வருஷம் நீ கட்டுவது. கீழ்வீடு எனக்கு, மாடி உனக்கு. "ரொட்டிய நடுவுல வெட்டுற மாதிரிண்ணே" என்று நீதான் சொன்னாய். என் பத்து வருஷம் முடிந்ததும் இரண்டு பேரும் பேங்குக்குப் போனோம். கவுண்டர்க்காரர் மிச்சத் தொகையை ஒரு துண்டுச் சீட்டில் எழுதி, படிக்கத் தெரிந்தவன் என்று உன் கையில் கொடுத்தார். நீ சீட்டைப் பார்த்தாய். என்னைப் பார்த்தாய். சட்டைப்பையில் போட்டுக்கொண்டாய். "எவ்வளவுடா?" என்று கேட்டதற்கு, "கட்டிடலாம்ணே" என்றாய். அவ்வளவுதான். மறுவாரம் அந்தத் தூரத்து ஊர் பேக்கரிக்குப் போய்விட்டாய்.

அடுத்த மாசம் நானே கவுண்டரில் போய்க் கேட்டேன். தொகையைச் சொன்னார், பாதிக்கு எவ்வளவோ மேலே. "நான் கட்டினதெல்லாம் எங்கய்யா?" என்றேன். "புஸ்தகத்துல போட்டிருக்கு, பாத்துக்கங்க" என்றார். என்னத்தைப் பார்க்க? அண்ணன் தவணைக் காசைத் தின்றுவிட்டான் என்று நீ நினைத்துவிட்டாய், அதனால்தான் போய்விட்டாய் என்று எனக்குப் புரிந்தது. தின்னவில்லை என்று நிரூபிக்க என்னிடம் வாய் மட்டும்தான் இருந்தது.

இப்போது அந்தச் சிவப்பும் பச்சையும் பார்த்த பிறகு நான் என் நியாயத்தைப் பேச வரவில்லை. வேறொன்று தோன்றியது. அண்ணன் ஏமாற்றிவிட்டான் என்று நம்பிக்கொண்டே நீ பத்து வருஷமும் ஒரு தவணை தவறாமல் அனுப்பினாயே! யாரடா அப்படிச் செய்வான்? அதற்கு நான் நன்றி என்று ஒரு வார்த்தை சொன்னதில்லை. இப்போது சொல்கிறேன். மகளும் இரண்டு தடவை அழுத்தி எழுதுகிறாள்.

அன்று என்ன நினைத்தாய் என்று மட்டும் எழுது. கைநாட்டு விஷயம் அப்புறம்.

உன் அண்ணன்

*

பிப்ரவரி 21

அண்ணனுக்கு உங்கள் கடைக்குட்டி எழுதுவது,

கடிதத்தை வேலை நேரத்தில் படித்துத் தொலைத்தேன். ஒரு தட்டு பன் கருகிவிட்டது. முதலாளி மகன், "தாத்தாவுக்கு லவ் லெட்டர் வந்திருக்கு" என்று ஊரைக் கூட்டிவிட்டான்.

நீங்கள் தின்றுவிட்டீர்கள் என்று நான் ஒரு நாளும் நினைத்ததில்லை அண்ணே. நான் நினைத்தது வேறு. அதையும் எழுதிவிடுகிறேன், இனிமேல் யாருக்காக மூடி வைப்பது?

சீட்டைப் பார்த்ததும் எனக்கு அண்ணி ஞாபகம்தான் வந்தது. அண்ணி ஆஸ்பத்திரியில் கிடந்த நாளெல்லாம் நீங்கள் ஜன்னல் கண்ணாடி வேலையை விட்டுவிட்டு மருந்துக் கடைக்கும் வார்டுக்கும் அலைந்ததை நான் பார்த்தேன். தவணைக் காசு அங்கே போயிருக்கும் என்று நினைத்தேன். போயிருந்தால் போகட்டும், அதற்கில்லாத காசு எதற்கு என்றும் நினைத்தேன். நான் கேட்டிருந்தால் நீங்கள் ஆமாம் என்று சொல்லித் தலைகுனிந்திருப்பீர்கள். அண்ணி போய்ச் சேர்ந்து, குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு நிற்கிற மனிதரை அப்படிக் குனிய வைக்க எனக்கு வாய் வரவில்லை.

பாக்கி பெரிதாக இருக்கிறதே, நம்ம ஊரில் வாங்குகிற கூலி போதாதே என்றுதான் தூரத்து ஊருக்கு வந்தேன். சம்பளமும் சாப்பாடும் தங்க இடமும் தந்தார்கள். அதிகம் எழுதாததற்குக் காரணம், எழுதினால் எங்கேயாவது கை தவறி அந்தப் பேச்சு வந்துவிடும் என்ற பயம். நீங்கள் கோபமாக இருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியவே தெரியாது. நான் உங்கள் மானத்தைக் காப்பாற்றுகிறேன் என்று பெருமையாக வேறு இருந்தேன். நல்ல ஜோடிதான் போங்கள் நாம்!

பத்திரம் அனுப்பியது உறவை அறுக்க இல்லை. நம்ம பொண்ணு கடன் போட்டு வீடு வாங்கப் போகிறது என்று கேள்விப்பட்டேன். முப்பது வருஷக் கடனாமே! பாதிக் கடனுக்கே என் முதுகு வளைந்துவிட்டது. முழு வீட்டையும் விற்று அதன் கையில் கொடுங்கள், அந்தப் பொண்ணாவது தவணைத் தேதியை நினைத்துத் தூக்கம் கெடாமல் இருக்கட்டும் என்றுதான் அனுப்பினேன். எனக்கு இந்த அறை போதும். பேக்கரிக்கு மேல்மாடி, குளிர்காலத்தில் தரையே சூடாக இருக்கும்.

நன்றி நான்தான் சொல்ல வேண்டும். இந்த ஊரில் வாடகைக்குக் கிடக்கிற ஆளுக்கெல்லாம், "எனக்கும் ஒரு வீடு இருக்கு, பாதி" என்று சொல்லிக்கொள்ள முடியாது. நான் சொல்லிக்கொண்டேன். அந்தப் பாதியில் என் பெயரை எழுதச் சொன்னது நீங்கள். எனக்கு அப்போது மீசைகூட ஒழுங்காக இல்லை.

கைநாட்டை வைத்து அனுப்புங்கள்.

கடைக்குட்டி

*

மார்ச் 4

தம்பி,

உன் கடிதத்தை மகள் படித்தாள். நடுவில் நிறுத்தி, தொண்டை சரியில்லை என்று தண்ணீர் குடிக்கப் போனாள். மருமகன் வந்து மிச்சத்தைப் படித்தான். அவனுக்கும் தண்ணீர் தேவைப்பட்டது. வீட்டில் எல்லோருக்கும் ஒரே நாளில் தொண்டை கெட்டுவிட்டது.

உன் அண்ணியைப் பற்றி நீ தெரிந்துகொள்ள வேண்டியது ஒன்று உண்டு. ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்துக்கொண்டு அவள் என்னைக் கேட்ட முதல் கேள்வி, "இந்த மாசத் தவணை கட்டியாச்சா?" என்பதுதான். ஊசிக்குக் காசு குறைந்த ஒரு நாள், தவணைக் காசை எடுத்துக்கொண்டு போய் நின்றேன். என்ன பேச்சு பேசினாள் தெரியுமா? "அது கொழுந்தனோட மாடிக் காசு. அதத் தொட்டுட்டு எனக்கு ஊசி போட்டா அந்த ஊசி உடம்புல ஒட்டாது. போய்க் கட்டிட்டு வாங்க." கட்டிவிட்டு வந்தேன். என் வைரக் கட்டரை அடகு வைத்து ஊசி வாங்கினேன். அப்புறம் கொஞ்ச காலம் இரவல் கட்டரை வைத்துத் தொழில் பண்ணினேன். அது கண்ணாடியை வெட்டாது, கடிக்கும்.

உனக்குத் தெரியாமலே அவள் உனக்காக நின்றாள். அவளுக்குத் தெரியாமலே நீ அவளுக்காகக் கட்டினாய். இதில் நான் யாருக்கு முதலில் நன்றி சொல்வது?

இன்னொரு கணக்கு. அந்த ஆபீஸர் பையனிடம் மறுபடி போய் உட்கார்ந்தேன். அவன் நிதானமாகச் சொன்னான். ஒரு வீட்டை வாங்க நாம் இருபது வருஷத்தில் இரண்டரை வீட்டுக்கு மேல் கொடுத்திருக்கிறோம். என் பத்து வருஷக் காசு பெரும்பாலும் வட்டி. உன் பத்து வருஷக் காசுதான் செங்கல்லும் சுவரும் ஆனது. படத்தை வைத்துப் பார்த்தால் முக்கால் வீடு உன்னுடையது. கீழ்வீட்டில் பாதிச் சுவரில் நான்தான் ஓசியில் சாய்ந்துகொண்டிருக்கிறேன். இதில் உன் பங்கை எனக்கு எழுதிக்கொடுக்கிறாயாம். நன்றாக இருக்கிறது நியாயம்!

வீட்டை விற்கப் போவதில்லை. மகளே வேண்டாம் என்றுவிட்டாள். முப்பது வருஷக் கடனையும் வேண்டாம் என்றுவிட்டாள். முப்பது என்றால் ஏறக்குறைய மூன்று வீட்டுக் காசு போகுமாம். பதினைந்து என்றால் மாசத் தவணை கால் பங்கு கூடும், ஆனால் மொத்தத்தில் இரண்டு வீட்டுக்கும் குறைவுதானாம். "கார் வாங்குறதத் தள்ளிப் போட்டுக்கறோம்பா" என்றாள். மருமகன் முகம் மட்டும் கொஞ்சம் காருக்காக வாடியது.

அவர்கள் அடுத்த மாசம் புது வீட்டுக்குப் போய்விடுவார்கள். பத்திரத்தை உள்ளே வைத்து உனக்கே அனுப்பியிருக்கிறேன், என் விரல் படாமல். சூடான தரைக்கு நாங்கள் ஏதாவது ஏற்பாடு செய்கிறோம். வந்து இரு.

உன் அண்ணன்

*

மார்ச் 15

அண்ணே,

அண்ணி சொன்னதைப் படித்த பிறகு இரண்டு நாள் பன் மாவில் சர்க்கரைக்குப் பதில் உப்பைக் கொட்டினேன். முதலாளி மகன் பயந்துபோய் டாக்டரிடம் கூட்டிப் போகப் பார்த்தான்.

முக்கால் கணக்கெல்லாம் வேண்டாம். வட்டி என்கிற பெரிய சுமையை நீங்கள் முதலில் இறக்கி வைத்ததால்தான் என் காசு சுவரைப் போய்ச் சேர்ந்தது. நான் முதல் பத்து வருஷம் கட்டியிருந்தால் நான்தான் ஓசியில் சாய்ந்துகொண்டிருப்பேன்.

வரத்தான் ஆசை. ஆனால் என் முழங்காலுக்கு மாடிப்படி ஒத்துவராது. என் பங்கே மாடிதான். கீழே உங்கள் இடத்தில் வந்து உட்கார எனக்குக் கூச்சமாக இருக்கிறது. யோசித்துச் சொல்லுங்கள்.

கடைக்குட்டி

*

மார்ச் 26

தம்பி கடைக்குட்டிக்கு,

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? நான் மாடிக்குப் போய்விட்டேன். ஆயுசு முழுக்க ஏணியில் நின்று ஜன்னல் மாட்டினவனுக்குப் படி ஒரு பெரிய விஷயமா? முந்தாநாள் மருமகன் என் கட்டிலை மேலே ஏற்றினான். கீழ்வீட்டு அறைக்குப் புதுக் கண்ணாடி போட்டேன். சட்டத்தில் கண்ணாடி ஒட்டும் மக்கு பூசினது கோணல். நீ வந்து குறை சொல்லிக்கொள். ரயில் டிக்கெட்டை மருமகன் உன் போனுக்கு அனுப்பியிருக்கிறானாம், முதலாளி மகனிடம் காட்டிப் பார்த்துக்கொள். அந்தப் பையனுக்கு என் நன்றியைச் சொல். உன்னை டாக்டரிடம் கூட்டிப் போக நினைக்க அங்கே ஒருவன் இருந்திருக்கிறான் என்பதே எனக்குப் பெரிய ஆறுதல்.

நேற்று மகள் கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டாள். பதினைந்து வருஷம். நான் பக்கத்தில் இருந்தேன். வெளியே வந்ததும் கேட்டாள், "நீங்க கைநாட்டு வெச்ச அன்னிக்கு யார் யாரெல்லாம்ப்பா இருந்தாங்க?" என்று.

சொன்னேன். மேஜைக்கு அந்தப் பக்கம் மேனேஜர், என் கட்டை விரலைத் தானே பிடித்து மையில் அழுத்தினவர். அவர் ரிட்டயர் ஆன மறுவருஷமே போய்விட்டார். நமக்கு ஜாமீன் போட்ட சைக்கிள் கடைக்காரர், "இவனுங்க கட்டலைன்னா என்னை வித்து எடுத்துக்கங்க" என்று சத்தமாகச் சிரித்தவர். அவர் மகன்கூட இப்போது இல்லை. வீட்டை விற்ற தபால்காரர், கையெழுத்துப் போடும்போது அழுதவர். புது ஜிப்பா போட்டுக்கொண்டு, பல் இல்லாத வாயை மூடியே வைத்திருந்த நம் அப்பா. உள்ளே வர வெட்கப்பட்டு, கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்று பார்த்துக்கொண்டிருந்த உன் அண்ணி. ஒவ்வொருத்தரையும் சொல்லச் சொல்ல மகள் "அவங்க?" என்றாள், நான் "இல்ல" என்றேன்.

"உங்களத் தவிர யாருமே இல்லையாப்பா?" என்றாள்.

"ஏன் இல்ல? இருக்கான்" என்றேன். "கடைக்குட்டி இருக்கான்."

உன் அண்ணன்