குன்னூர்ப் பழப் புட்டிங்கும் நின்றுபோன ஓலையும்

இயேசு மரி சூசை துணை

தூத்துக்குடி

அன்பு மகன் பெவினுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் உன் தங்கச்சி பெனிட்டாவும் மாதா கிருபையில் நடமாட்டமாக இருக்கிறோம், அங்கே டொரோண்டோவில் நீயும் தடுமன் காய்ச்சல் இல்லாமல் வேளைக்குச் சாப்பிட்டுக்கொண்டு இருப்பாய் என்று நினைத்துக்கொள்கிறேன். போன் இருக்கும்போது இதென்ன கடிதம் என்று கேட்பாய். போனில் நான் வாயைத் திறந்தால் உனக்கு மீட்டிங் வந்துவிடுகிறது. ஞாயிற்றுக்கிழமையும் மீட்டிங் வைக்கிற கம்பெனி உன்னுடையது ஒன்றாகத்தான் இருக்கும். கடிதத்தை அப்படிப் பாதியில் கட் பண்ண முடியாது, அதனால்தான் எழுதுகிறேன். அப்பாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான் இருக்கிறது, தைலம் தேய்த்துக்கொண்டு விடிகாலையில் ஏலக்கூடத்துக்குப் போய்விடுகிறார், மீன் வாங்காவிட்டாலும் மீனைப் பார்க்காவிட்டால் அவருக்குச் சோறு இறங்காது. மொட்டை மாடித் தண்ணீர்த் தொட்டி மறுபடியும் ஒழுகுகிறது. சரி, இதெல்லாம் நீ கேட்கப்போவதில்லை, விஷயத்துக்கு வருகிறேன்.

ஒரு கேக்குக்காக ஒரு கல்யாணத்தை நிறுத்தின வீடு உலகத்திலேயே நம்ம வீடுதான் என்று போனில் சொன்னாய். அதுபோக நீயாகவே குன்னூருக்குப் போன் போட்டு அந்தக் கிளாரிஸ் அம்மாளிடம் எங்கள் எல்லாருக்குமாகச் சேர்த்து மன்னிப்பும் கேட்டுவிட்டாய். உன் கூடப் படித்த சிநேகிதன் லெஸ்லி, தங்கச்சிக்கு நீ கொண்டுவந்த சம்பந்தம், உனக்கு மானம் போகிறது, எனக்குப் புரிகிறது. ஆனால் நீ கேட்டது லெஸ்லி சொன்ன கதை. அவன் அதையும் அவன் அம்மாவைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டுதான் சொல்லியிருப்பான். நடந்ததை நான் சொல்கிறேன், கேள்.

பனிமய மாதா திருவிழாவுக்கு வாரோம், அப்படியே ஓலை கொடுக்கிற தேதியையும் பேசி முடித்துவிடலாம் என்று லெஸ்லியின் அம்மா, அந்தக் கிளாரிஸ் அம்மாள்தான் சொன்னாள். இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம் என்று மூன்று ஞாயிறு கோயிலில் ஓலை வாசித்துவிட்டால் பிறகு யார் நினைத்தாலும் பேச்சு மாற முடியாது என்று நானும் சந்தோஷப்பட்டேன், எனக்கும் புத்தி அவ்வளவுதான். அவர்கள் வருவதற்கு ஒரு வாரம் முன்னால் பஸ் பார்சலில் ஒரு பெட்டி வந்தது. உள்ளே வைக்கோலுக்கு நடுவில் ஆரஞ்சு நிறத்தில் தக்காளி மாதிரிப் பழம், காம்பில் நாலு இலை. பெர்சிமன் என்று பெயராம், அவர்கள் வீட்டு மரத்துப் பழமாம். கூடவே வாட்ஸ்அப்பில் அந்த அம்மாளின் குரல், பாதி இங்கிலீஷ். இந்தப் பழத்தில் புட்டிங் செய்வது அவர்கள் ஃபேமிலி டிரெடிஷன், நாலு தலைமுறையாக வருகிறது, வருகிற மருமகள் முதல் தடவை அதைத் தன் கையால் ஓவனில் பேக் பண்ணி வைத்தால்தான் அவளை வீட்டுப் பெண்ணாக எடுத்துக்கொள்வார்கள், பழம் நன்றாகக் கனிய வேண்டும், அவ்வளவுதான் ஈஸி என்று. நாலு தலைமுறையில் முதல் தலைமுறை துரை வீட்டுக் குசினியில் சமைத்தவர். அது நல்ல வேலை, உழைத்துச் சாப்பிட்டார், அவரை நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். துரைசாணி சொல்லிக்கொடுத்ததை அவர் செய்தார். ஆனால் இந்த அம்மாள் பேசுவதைக் கேட்டால் துரைசாணியே இவள் வயிற்றில்தான் பிறந்தாள் போல இருக்கும்.

பெட்டியைத் திறந்ததுமே நான் பெனிட்டாவிடம் சொன்னேன், ஏளா, இது நம்ம பனிச்சங்காய் ஜாதிப் பழம் மாதிரில்லா இருக்கு, அதே காம்பு அதே இலை என்று. நைலான் வலை வருவதற்கு முன்னால் என்னைப் பெற்ற உங்கள் தாத்தா வீட்டில் பனிச்சங்காயை இடித்துக் கொதிக்க வைத்து அந்தச் சாற்றில்தான் நூல்வலையை முக்குவார்களாம், உப்புத்தண்ணீரில் வலை மக்காமல் இருப்பதற்கு. சின்ன வயதில் நான் ஒரு காயைக் கடித்துப் பார்த்து நாக்கும் அண்ணமும் ஒட்டிக்கொண்டு பேச முடியாமல் அழுதிருக்கிறேன். இவள் சிரித்தாள், அம்மா அது வேற இது வேற, இது இம்போர்டட் மரம் என்றாள். அவளைச் சொல்லிக் குற்றம் இல்லை, துறைமுகத்துப் பக்கம் கப்பல் சரக்குக்குக் கிளியரிங் பார்க்கிற ஆபீசில் காலையில் போனால் இருட்டித்தான் வருகிறாள். எதற்கும் கேட்டுவிடலாம் என்று லெஸ்லிக்குப் போன் போட்டாள், பழம் எந்தப் பதத்தில் இருக்கணும் என்று. அம்மாகிட்ட கேட்டுச் சொல்லுதேன் என்றானாம். அவ்வளவுதான், திரும்பச் சொல்லவே இல்லை. சொந்த வீட்டு மரத்துப் பழம், பிறந்ததிலிருந்து தின்கிற பலகாரம், அது எப்படி இருக்க வேண்டும் என்று சொல்ல ஒரு ஆம்பளைக்கு அம்மா வேண்டியிருக்கிறது. அன்றைக்கே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

அடுத்தது உங்கப்பாவின் திருவிளையாடல். பழத்தைப் பார்த்துக்கொள்கிற பொறுப்பை அவரிடம் கொடுத்தோம். ஆயுசு முழுக்க ஏலக்கூடத்தில் மீனைக் கட்டைவிரலால் அமுக்கிப் பார்த்தே வாங்கின மனுஷன். விரல் பதிந்து குழி விழுந்தால் அழுகல், தூக்கிப் போடு, விரைப்பாக நின்றால் நல்ல மீன். அதே கட்டைவிரலோடு தினமும் சாயந்தரம் பெட்டிக்கு முன்னால் உட்கார்ந்துவிடுவார். எது கனிந்து மெத்தென்று ஆகிறதோ அதைக் கெட்டுப்போச்சு என்று பொறுக்கி எடுத்து பக்கத்து வீட்டுப் பேச்சிச்செல்வியின் ஆட்டுக்குப் போட்டுவிடுவார். குன்னூர்க்காரங்க பார்சல் லட்சணத்தைப் பாரு, பாதி அழுகல் என்று எங்களிடம் குறை வேறு. நானும் என் சோலியைப் பார்த்துக்கொண்டு இருந்துவிட்டேன். கடைசியில் கல்லு கல்லாக இருந்ததுதான் மிச்சம். நல்ல பழம் எல்லாம் ஆட்டு வயிற்றில், வலைக்குப் போடுகிற பதத்தில் இருந்ததெல்லாம் நம் வீட்டுச் சட்டியில்.

திருவிழாவுக்கு முந்தின நாள் பெனிட்டா லீவு போட்டுவிட்டு உட்கார்ந்து அதைத் தேங்காய்த் துருவியில் துருவினாள், கை மரத்துப்போனது. மைதா, முட்டை, மோர், வெண்ணெய், சீனி, பட்டைத்தூள் எல்லாம் அந்த அம்மாள் சொன்னபடி. நீ வாங்கி அனுப்பின ஓவனில் இத்தனை நாளாக நான் அப்பளக்கட்டுதான் வைத்திருந்தேன், அதைக் காலி பண்ணித் துடைத்து, அதன் முன்னாலேயே ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, சூட்டைக் கூட்டிக் குறைத்து, நல்லா கருஞ்சிவப்பாக எடுத்தாள். பார்க்க லட்சணமாக இருந்தது, வாசனை வாசல் வரை வந்தது. ஆனால் வாயில் வைத்துப் பார்க்க ஆள் இல்லை. திருவிழாவுக்கு முந்தின நாள் நம் வீட்டில் ஒருசந்தி என்பது உனக்குத் தெரியும், ஒரு வேளைக் கஞ்சியோடு சரி, இனிப்பு வாயில் படக்கூடாது. மறுநாள் அவர்கள் வந்து முதல் துண்டை எடுக்கட்டும் என்று மூடி வைத்துவிட்டோம்.

மறுநாள் பூசை முடிந்து வந்தார்கள். வந்து உட்கார்ந்ததும் அந்த அம்மாள் கேட்ட முதல் கேள்வி என்ன தெரியுமா. முத்துக்குளிக்கிற ஊராச்சே, பெண்ணுக்கு முத்து மாலை ஏதும் பரம்பரையாக இருக்குமே என்று. முத்தெடுப்பு நான் பிறக்கும் முன்னாலேயே நின்றுபோச்சு, எங்க மாமனார் சங்கு குளிச்சவரு, வேணும்னா ரெண்டு சங்கு தாரேன் என்றேன். அவளுக்குச் சிரிக்கவும் தெரியவில்லை, கோபப்படவும் தெரியவில்லை. பிறகு பெனிட்டா புட்டிங்கை அறுத்துத் தட்டில் வைத்தாள். அந்த அம்மாள் உங்கப்பாவிடம் அவர்கள் ஊர்க் குளிரைப் பற்றிப் பீத்திக்கொண்டு இருந்தாள், அதற்குள் லெஸ்லி முதல் வாய் எடுத்தான். மென்றான், விழுங்கினான், கண்ணில் தண்ணீர் நின்றது, சூப்பரா இருக்கு என்று பெனிட்டாவைப் பார்த்துச் சொன்னான். அவள் முகம் பூத்ததை நான் பார்த்தேன். அடுத்து அந்த அம்மாள் ஒரு ஸ்பூன் வாயில் வைத்தாள். முகம் சுருங்கியது, ஸ்பூனைக் கீழே வைத்தாள், பழம் கனியவே இல்லை, வாயெல்லாம் ஒட்டுது, கடற்கரைக்காரங்களுக்கு மீனைத் தவிர வேற என்ன பக்குவம் தெரியும், நான்தான் எதிர்பார்த்திருக்கக் கூடாது என்றாள். உடனே உன் சிநேகிதன் அதே வாயால் ஆமா மம்மி, ஒட்டத்தான் செய்யுது, ஒரு மாதிரியாத்தான் இருக்கு என்றான். அதே வாய், அதே துண்டு, தட்டில் பாதிகூடத் தீரவில்லை.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, மறைக்கவில்லை. நானும் ஒரு வாய் வைத்தேன், என் சின்ன வயது பனிச்சங்காய் அப்படியே திரும்பி வந்தது. கெட்டுப்போனது கெட்டுப்போனதுதான், அதைச் சொன்னதற்காக அந்த அம்மாளை நான் வெறுக்கவில்லை. உங்கப்பா மட்டும் தன் தட்டில் இருந்ததை முழுக்கச் சாப்பிட்டு முடித்தார். ஒட்டின வாயோடு, எம்மவ செஞ்சது, எனக்கு நல்லாத்தான் இருக்கு என்றார். அவர் சொன்னதும் பொய்தான். ஆனால் யார் முகம் சுளித்தாலும் அவர் பேச்சை மாற்றப்போவதில்லை.

அந்த அம்மாள் அதோடு விட்டாளா என்றால் இல்லை. அதனால்தான் சொல்லுகிறேன், கல்யாணத்துக்கு அப்புறம் வேலை வெட்டி எல்லாம் வேண்டாம், குன்னூருக்கு வந்து முதல்ல குடும்பத்துப் பழக்கத்தைக் கத்துக்கட்டும் என்றாள். பெனிட்டா நிமிர்ந்து லெஸ்லியைப் பார்த்தாள். வேலையை விட வேண்டாம், கோயம்புத்தூரில் வீடு பார்க்கலாம், அங்கேயே ஒரு கிளியரிங் ஆபீசில் சேர்ந்துக்கோ என்று அவன் அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தானாம், அதை நம்பித்தான் அவள் சரி என்றாள், இது உனக்கும் தெரியும். பெனிட்டா சத்தம் போடவில்லை, அதட்டவில்லை, நீ சொல்லுகிற மாதிரி யாரையும் அவமானப்படுத்தவும் இல்லை. புட்டிங் நல்லாருக்குன்னும் சொன்னீங்க நல்லால்லன்னும் சொன்னீங்க, வேலை விஷயத்துல எனக்குச் சொன்னது இதுல எந்தக் கணக்கு என்று மட்டும் கேட்டாள். அவன் பதில் சொல்லியிருக்கலாம். தப்பாகச் சொல்லியிருந்தால்கூட நான் மதித்திருப்பேன். அவன் திரும்பி அவன் அம்மா முகத்தைப் பார்த்தான். அந்த அம்மாள் வேண்டாம் என்பது போல மெதுவாகத் தலையை ஆட்டினாள். அது அப்புறம் பேசிக்கலாம் பெனி என்றான். பெனிட்டா தட்டுகளை அடுக்கி எடுத்துக்கொண்டு குசினிக்குப் போனாள், போகும்போது ஓலை கொடுக்க வேண்டாம்மா என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனாள். நான் சரி என்றேன். உங்கப்பா எழுந்து போய் அவர்களுக்கு ஆட்டோ பிடித்து வந்தார், மரியாதையில் ஒரு குறையும் வைக்கவில்லை.

இதுதான் நீ சொன்ன கேக்குக்காக நின்ற கல்யாணம். கேக் எங்கள் தப்புதான், உங்கப்பாவின் கட்டைவிரல் தப்பு. பேச்சிச்செல்வி மறுநாள் வந்து, யக்கா அந்தப் பழம் இன்னும் இருக்கா, ஆடு உங்க வாசலை விட்டு வர மாட்டேங்கு என்கிறாள், அந்த அளவுக்கு. ஆனால் அவன் தப்பு எங்கள் தப்பில் சேராது. தலையாட்டி பொம்மைக்கு வேலையும் படிப்பும் இருந்தால் மட்டும் மாப்பிள்ளை ஆகிவிட முடியாது. ஊரில் இரண்டு நாள் பேசினார்கள், பேசட்டும். திருவிழா முடிந்தால் கொட்டகை பிரிப்பதைப் பேசுவார்கள்.

பெட்டியின் அடியில் மிச்சம் கிடந்த பழங்கள் தானாகவே கனிந்து கூழாகிவிட்டன. அப்பாவை அந்தப் பக்கமே விடாமல் பெனிட்டா நேற்று அதைத் தோலுரித்துப் பிசைந்து, சீனிக்குப் பதில் உடன்குடிக் கருப்பட்டி போட்டு, கொஞ்சம் சுக்கும் தட்டிப்போட்டு மறுபடி செய்தாள். நல்லாத்தான் இருந்தது. அந்த அம்மாள் வீட்டுப் பலகாரம் நல்லா இருந்ததுதான் எனக்குக் கோபம். பாதித் தட்டை நானே காலி பண்ணினேன், மறைத்து என்ன ஆகப்போகிறது.

அதைச் சாப்பிட்டுக்கொண்டு இருக்கும்போதுதான் அவளுக்கு லெஸ்லியிடமிருந்து மெசேஜ் வந்தது. உங்க அண்ணனே மம்மிகிட்ட மூணு தடவை போன் பண்ணி ஸாரி கேட்டுட்டார், நீயும் ஒரு வார்த்தை கேட்டுட்டா முடிஞ்சுது என்று. அதுவும் அவன் சொந்தமாக எழுதியிருப்பான் என்று நான் நினைக்கவில்லை. அதை என்னிடம் காட்டிவிட்டுப் பெனிட்டா சொன்னாள், அண்ணன் அங்கன மூணு தடவை பண்ணியிருக்கு, எனக்கு ஒரு தடவைகூடப் பண்ணலியேம்மா, என்ன நடந்துச்சுன்னு என்கிட்ட கேக்கவே இல்லியேம்மா என்று. கல்யாணம் நின்றதற்கு ஒரு சொட்டுக் கண்ணீர் விடாதவள் அதைச் சொல்லிவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்து அழுதாள். லெஸ்லியைப் பற்றி எனக்கு இருக்கிற எண்ணம் உனக்கு இப்போது தெரியும். என் வயிற்றில் பிறந்தவனைப் பற்றியும் அதே எண்ணம் வந்துவிடுமோ என்று எனக்கு நேற்றிலிருந்து பயமாக இருக்கிறது பெவின்.

குளிர் ஆரம்பிக்குமுன் நல்ல கம்பளிச் சட்டை வாங்கிக்கொள். ஃபிரிஜ்ஜில் வைத்ததையே சுடவைத்துச் சுடவைத்துத் தின்னாதே. படுக்கப் போகுமுன் ஜெபமாலை சொல்லு, முழுதும் முடியாவிட்டால் ஒரு பத்து மணியாவது உருட்டு. மாதா உன்னைக் கண்ணுக்குள் வைத்துக் காப்பாள், உனக்கு நல்ல சுகமும் நல்ல புத்தியும் கொடுப்பாள், நானும் அப்பாவும் தினமும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறோம். பெனிட்டா சாயந்தரம் ஆபீஸ் விட்டு பஸ் ஸ்டாப்பில் நிற்கிற நேரம் போன் எடுப்பாள், அப்போது உனக்கு அங்கே காலையாக இருக்கும், மீட்டிங் இருக்காது. அவளுக்குப் போன் பண்ணு. எனக்கு இப்போதைக்கு வேண்டாம்.

ஆசீர்வாதத்துடன்
உன் அம்மா
இன்பமணி