தடங்கல் அட்டை

12 ஜூன் 2024
காலையில் இட்லி. மாத்திரை போட்டேனா என்று நினைவில்லை. ஒரு யூடியூப் சேனலிலிருந்து போன். அந்தக் கால டிவி நேரலை பற்றி என்னிடம் பேட்டி எடுக்க உத்திரமேரூருக்கே வருகிறார்களாம். முப்பது வருஷப் புரொட்யூசர் வேலைக்கு ஒரு மணி நேரம். சரி என்றேன். ஏன் சொன்னேன்?

13 ஜூன்
வேதகிரி அண்ணன் காவாந்தண்டலத்திலிருந்து முருங்கைக்காயோடு வந்தார். பேட்டி என்றதும், "நைனா டிவில வந்த கதையச் சொல்லு. மிஷின் ரிப்பேராயி பாதில நின்னுச்சே, அத்த சொல்லு" என்றார். நாற்பது வருஷமாக ஊரில் இதே கதைதான். தலையாட்டினேன். எதுவும் உறைக்கவில்லை.

15 ஜூன்
எழுதியாவது வைக்கிறேன்.

1984. விவசாய நிகழ்ச்சி, நேரலை. பேச வேண்டியவர் வரவில்லை. என்னைப் பார்க்க வந்து வாசலில் நின்ற நைனாவை யாரோ கூப்பிட்டு உட்கார வைத்துவிட்டார்கள். என் அப்பா என்று அங்கே ஒருவருக்கும் தெரியாது. நான் சொன்னதில்லை. திரையில் கீழே, பேர் கூட இல்லாமல், 'விவசாயக் கூலி' என்று எழுத்துப் போட்டேன். நாற்று நடவு பற்றி நன்றாகத்தான் பேசினார். திடீரென்று சிரித்து, "எம்பொண்ணு கூட இங்கதான் கீது, உள்ள குந்திக்கினு—"

"கார்டு போடு" என்றேன்.

பஞ்சாயத்து டிவி முன்னால் ஊரே உட்கார்ந்து 'தடங்கலுக்கு வருந்துகிறோம்' பார்த்தது. மிஷினுக்கு ஒன்றும் இல்லை. நான்தான். சீ!

என் ஹெட்ஃபோனில் மட்டும் நைனா பேசிக்கொண்டே இருந்தார். "பரிமளான்னு பேரு..."

18 ஜூன்
பேட்டி முடிந்தது. "மறக்க முடியாத நேரலை எது மேடம்?" என்று சேனலிலிருந்து வந்த பெண் கேட்டாள். பேட்டியைப் பார்க்க வந்த அண்ணன் எதிர் நாற்காலியில். எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். குரல் நடுங்கவே இல்லை — அதுதான் பயமாக இருந்தது.

அவர்கள் போன பிறகு அண்ணன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.

"எங்களுக்கு அன்னிக்கே தெரியும் பரிமளா. நைனா வூட்டுக்கு வந்ததும் இன்னா சொல்லிச்சி தெரியுமா? 'யாரு கேட்டாலும் மிஷின் ரிப்பேருன்னு சொல்லுங்க. கொயந்த பேரு கெட்டுடப் போவுது'ன்னுச்சி."

பஸ்ஸுக்கு நேரமாச்சு என்று கிளம்பிவிட்டார்.

19 ஜூன்
முருங்கைக்காய் சாம்பார். உப்பு போட மறந்திருக்கிறேன். அப்படியே சாப்பிட்டேன்.

சேனல் பெண் போன் செய்தாள். அந்தப் பகுதியை வெட்டிவிடட்டுமா என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். அது வரும்போது கீழே நைனாவின் பேரை எழுத்தில் போடச் சொன்னேன். சின்னப்பையன், காவாந்தண்டலம், பரிமளாவின் அப்பா.

எழுத்துப்பிழை வராமல் இருக்க இரண்டு தடவை சொன்னேன்.