ஆடியில் வந்த வெள்ளம்

ஆடி மாதம், புதன் இரவு.

இன்று எங்கள் ஓடையோர வீதிக்கு வெள்ள ஒத்திகை. ஓடையில் ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை. பனியன் கம்பெனிக்கு லீவு போட்டுவிட்டு, வெள்ளத்தில் சிக்கியவளாக நான் ஸ்ட்ரெச்சரில் படுத்தேன். தூக்கிக்கொண்டு போய் மேட்டிலிருக்கும் கல்யாண மண்டபத்தில் இறக்கினார்கள். இனி வெள்ளம் வந்தால் நாங்கள் தங்க வேண்டிய இடம் அதுதானாம். தாசில்தார் கைதட்டினார்.

மண்டப மேனேஜரிடம் கேட்டேன். "ஏனுங்க, நெசமாலுமே வெள்ளம் வந்தா கதவத் தொறப்பீங்களா?"

"ஆடியில கல்யாணம் ஏதுங்க? சும்மா கெடந்துச்சு, தொறந்து வுட்டேன். ஐப்பசி, கார்த்திகை பூராவும் புக்கிங் ஆயிப்போச்சுங்க."

எங்கள் ஓடையில் வெள்ளம் வருவதே ஐப்பசியில்தான். தாசில்தாரிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். "ஒத்திகை நல்லா முடிஞ்சுதுல்லம்மா, அப்பறம் என்ன?" என்று ஜீப்பில் ஏறிவிட்டார்.

இன்று லீவு போட்டதற்காக நாளைக்கு சூப்பர்வைசரிடம் வேறு திட்டு வாங்க வேண்டும்.

ஐப்பசியில் வீட்டுக்குள் தண்ணீர் புகுந்தால், பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஓடும்போது ஒரு மொய்க் கவரையும் மறக்காமல் எடுத்துக்கொள்ள வேண்டும். அப்போதுதான் சொட்டச் சொட்ட நிற்கிற எங்கள் மேல் பன்னீர் தெளித்து உள்ளே விடுவார்கள்.