ஐம்பதாம் பிறந்த நாளன்று வெளியூரில்

தம்பெரே
3 மார்ச் 1957

அன்புள்ள கலெர்வோவுக்கு,

உன் நலமும் இம்பியின் நலமும் அறிய ஆவல் என்று எழுதத்தான் நினைத்தேன். ஆனால் நீ நலமாக இருப்பதை நேற்று சினிமாக் கொட்டகையிலேயே பார்த்துவிட்டேன். கூடவே முந்நூறு பேர் பார்த்தார்கள். மாதா கோயிலில் மணியடிக்கும் குடிகாரன் வேஷம், மொத்தம் நாலே நிமிஷம். இருமுகிறாய், தொப்பியைத் தேடுகிறாய், போய்விடுகிறாய். அதற்கே ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஹெல்வி வீட்டுக்கு வந்தும் உன்னைப் போலவே இருமிக் காட்டிக்கொண்டிருக்கிறாள். கட்டின மனைவி!

இங்கே நான் நாடக மேடையில் மூன்று மணி நேரம் ராஜாவாக நின்று தொண்டை கிழியக் கத்துகிறேன். ரொட்டிக் கடைக்காரி என்னைப் பார்த்து, "ஏங்க, நீங்க அந்த இருமல்காரரோட சிநேகிதராமே?" என்கிறாள். பொறாமையா என்று கேட்பாய். பொறாமைதானடா. வயிறு எரிகிறது. "இந்த மூக்குக்கு வேலைக்காரன் வேஷமே அதிகம்" என்று அந்தக் காலத்தில் உன்னைப் பார்த்துச் சிரித்தவர்களில் நானும் ஒருவன், தெரியும்.

உன்
அர்மாஸ்

*

ஹெல்சிங்கி
16 மார்ச் 1957

என் அருமை அர்மாஸ்,

உன் வயிற்றெரிச்சலை இம்பிக்கு வாசித்துக் காட்டினேன். "அந்த அழகனுக்கு என்ன குறைச்சலாம்? எண்பது படத்துல உங்களுக்கு ஒரு பொண்ணாவது முத்தம் குடுத்திருப்பாளா?" என்றாள். உண்மைதான். நானும் எத்தனை நாள் உன் முகத்துக்கு ஏங்கியிருக்கிறேன், தெரியுமா?

ஏப்ரல் பதினொன்றாம் தேதி எனக்கு ஐம்பது. பெரிய மனிதர்களைப் போல "அன்று வெளியூரில் இருப்பேன்" என்று பேப்பரில் போட்டுவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்ள எனக்கு மனமில்லை. கதவு திறந்தே இருக்கும், யாரும் வரலாம். இம்பி இப்போதே நாற்பது கோப்பை சேர்த்துவிட்டாள்.

இன்னொரு விஷயம், யாரிடமும் சொல்லாதே. தயாரிப்பாளர் நீஸ்ட்ரோம் அன்று பத்திரிகைக்காரர்களோடு வருகிறார். கோடையில் எடுக்கப்போகும் படத்தில் நான்தான் கதாநாயகன் என்று என் வீட்டுக் கூடத்திலேயே அறிவிக்கப் போகிறாராம். பெண்டாட்டியை இழந்த குடியானவன் வேஷம். ஐம்பது வயதில் முதல் தடவையாக, படம் முடியும்வரை நான் இருப்பேன்! அவசியம் வா.

உன்
கலெர்வோ

*

தம்பெரே
25 மார்ச் 1957

அன்புள்ள கலெர்வோ,

வாழ்த்து என்று மூன்று தடவை எழுதிக் கிழித்தேன். இது நாலாவது. வாழ்த்து.

அன்று எனக்கு நாடகம் இருக்கிறது, வர முடியாது. இருபத்தைந்து வருஷமாக இந்தக் குரலும் இந்த முகமும் இங்கேயே கிடக்கின்றன. ஒரு நீஸ்ட்ரோமும் எட்டிப் பார்த்ததில்லை. உன் மூக்குக்கு அடித்த யோகத்தைப் பார்! கதாநாயகனாம். சரி, இரு. கடவுள் கொடுத்தால் கூரையைப் பிய்த்துக்கொண்டு கொடுப்பார் என்பது இதுதான் போலிருக்கிறது.

அர்மாஸ்

*

ஹெல்சிங்கி
15 ஏப்ரல் 1957

அன்புள்ள அர்மாஸ்,

யாரும் வரவில்லை. கறுப்புக் கோட்டு போட்டுக்கொண்டு காலையிலிருந்து உட்கார்ந்திருந்தேன். நாற்பது கோப்பையும் கவிழ்த்தபடியே இருந்தன. மூன்று மணிக்கு எதிர்வீட்டு அம்மாள் தட்டு வாங்க வந்து, "ஐயோ, நீங்க ஊர்லதான் இருக்கீங்களா? வெளியூர்னு பேப்பர்ல போட்டிருந்துச்சே!" என்றாள். என் பெயரில் யாரோ விளம்பரம் கொடுத்திருக்கிறார்கள். இம்பி ஏலக்காய் ரொட்டியை எல்லாம் துணியில் மூடிவிட்டு அழுதாள்.

நீஸ்ட்ரோமுக்கு மூக்குக்கு மேல் கோபம். "ஒரு வார்த்தை சொல்லாம ஓடிப்போறவன நம்பி நான் எப்படிய்யா படம் எடுக்கறது?" என்றார். விளம்பரம் கொடுத்தது நான் இல்லை என்று சொன்னேன், காதில் வாங்கவில்லை. அந்த வேஷத்தை வேறு யார் செய்வார்கள் என்று கேட்டார். உன் பெயரைச் சொன்னேன். உனக்குக் கடிதம் வரும். யோசித்துப் பதில் எழுது.

உன்
கலெர்வோ

*

தம்பெரே
2 மே 1957

என் உயிர் நண்பனுக்கு,

கையெழுத்துப் போட்டுவிட்டேன்! ஹெல்வி புது உடுப்பு தைக்கக் கொடுத்திருக்கிறாள். ரொட்டிக் கடைக்காரி இன்று என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். உன் பெருந்தன்மைக்கு நான் என்ன கைம்மாறு செய்வேன்? அந்த விளம்பரம் கொடுத்த பாவி எவனோ, அவன் நன்றாகவே இருக்க மாட்டான்.

ஒன்றுதான் பொறுக்கவில்லை. கேமரா சோதனைக்கு நடித்துக் காட்டினேன். நீஸ்ட்ரோம் என் முகத்துக்கு நேராகவே, "கலெர்வோன்னா இங்க சும்மா நின்னிருப்பான், அதுவே போதும்" என்றார். வேஷம் என்னுடையது, பேச்சு உன்னைப் பற்றி! இன்னும் எத்தனை நாள் நான் உன்னோடு மல்லுக்கட்ட வேண்டும்?

என்றும் உன்
அர்மாஸ்

*

ஹெல்சிங்கி
9 மே 1957

திரு. அர்மாஸ் ஹியெத்தலா அவர்களுக்கு,

இத்துடன் ஒரு சீட்டு வைத்திருக்கிறேன், அந்த விளம்பரத்துக்காகக் கைப்பட எழுதிக் கொடுத்தது. பிறந்த நாளுக்கு மறுநாள் பத்திரிகை அலுவலகத்தில் கேட்டு வாங்கினேன். "கலெர்வோ சிர்யா, ஐம்பதாம் பிறந்த நாளன்று வெளியூரில்." இளம் வயதில் எனக்கு வசனங்களை நகல் எடுத்துத் தந்த கை. எனக்குத் தெரியாதா?

நீஸ்ட்ரோமிடம் பேசியபோது இது என் சட்டைப் பையில்தான் இருந்தது. காட்டியிருந்தால் வேஷம் என்னுடையது. நீங்கள் ஒரே ஒரு வரி எழுதுவீர்கள் என்று நம்பினேன். தினமும் இம்பி, "வந்துச்சா?" என்று கேட்டாள். வந்தது, ஆனால் அந்த வரி அதில் இல்லை.

படத்தில் எனக்கும் ஒரு வேஷம் தந்திருக்கிறார்கள். கடைசிக் காட்சியில் உங்கள் வீட்டுக்கு வந்து, ஒரு கோப்பை காப்பி குடித்துவிட்டு, ஒன்றும் பேசாமல் எழுந்து போகும் பழைய சிநேகிதன். எனக்கு ஒத்திகை வேண்டாம் என்று நீஸ்ட்ரோமிடம் சொல்லிவிட்டேன்.

இப்படிக்கு,
கலெர்வோ சிர்யா