கிரேஸ், அந்த மூங்கில் துண்டுகளைப் பற்றி

பிரியமுள்ள கிரேஸுக்கு,

நீ போய் ஒன்பது மாதம் ஆகிறது. உனக்கு எழுத உட்கார்ந்து, முதல் வரியை எழுதி, அடித்துவிட்டு எழுந்துவிடுவதே வழக்கமாகிவிட்டது. இன்று எழுதிவிட வேண்டும். சித்தூரில் எல்லாம் அப்படியே இருக்கிறது. பால்காரர் இன்னும் ஒரு லிட்டர்தான் ஊற்றுகிறார். அரை லிட்டர் போதும் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

நீ படுக்கையில் விழுந்த புதிதில் நம் மகள் ஷீபா வாங்கி அனுப்பினாளே, உன் உடம்பு துடைக்க ஆறு மூங்கில் துண்டுகள், நினைவிருக்கிறதா? மூங்கில் கூழிலிருந்து எடுத்த நூல் என்று நான் சொன்னபோது நீ சிரித்தாய். "மூங்கில்ல ஏணி செய்வாங்க, கூடை பின்னுவாங்க. துண்டு கூடவா நெய்றாங்க?" ஆனால் முதல் துண்டு முதுகில் பட்டதும் கண்ணை மூடிக்கொண்டாய். "கொயந்த கை மாதிரி கீதுங்க" என்றாய்.

துண்டின் ஓரத்தில் தைத்திருந்த சீட்டை நான் இரண்டு தடவை படித்தேன். கல்லூரி நூலகத்தில் ஆயுள் முழுக்கப் பொடி எழுத்தைப் படித்த பழக்கம். குளிர்ந்த தண்ணீரில் துவைக்கவும், கொதிநீர் கூடாது, துணியை மெத்தென்றாக்கும் திரவம் கூடாது, முறுக்கிப் பிழியக் கூடாது, நிழலில் உலர்த்தவும் என்று இருந்தது. அதை வெட்டியெடுத்து, உன் உடம்பு நிலையைத் தினமும் குறித்துவந்த என் நோட்டில் ஒட்டிவைத்தேன்.

"கிரேஸ், இதுல வெந்நீர் வேணாம்னு..." என்று தொடங்கினேன். மீதி வாய்க்குள்ளேயே நின்றுவிட்டது. முப்பது வருடம் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவள் நீ. "நோயாளி துணி கொதிக்காம சுத்தமாவுமா? நீங்க புஸ்தகத்துக்கு அட்ட போடுங்க, வார்டு வேலய எனக்கு வுடுங்க" என்றாய். நானும் சிரித்துவிட்டு அண்டாவில் தண்ணீர் வைத்தேன்.

தினமும் கொதிக்க வைத்தேன். மூன்றாவது வாரத்தில் துண்டுகள் விறைத்துப்போயின. உடனே கடைக்குப் போய், துணியை மெத்தென்றாக்கும் அந்த நீலத் திரவத்தை வாங்கிவந்து ஊற்றினேன். அதை நீ சொல்லவில்லை. அது என் சொந்த யோசனை. கைக்கு வழுவழுப்பாக இருந்தது, பூ வாசனை அடித்தது. ஆனால் துண்டு தண்ணீரை இழுக்கவில்லை. உன் முதுகில் ஈரம் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் நகர்ந்தது, அவ்வளவுதான். "ஈரமாவே கீதுங்க" என்று நீ இரண்டு தடவை சொன்னாய். என் நோட்டில் எழுதிவைத்திருக்கிறேன். அடுத்த பக்கத்தில் படுக்கைப் புண் என்று எழுதியிருக்கிறேன்.

டாக்டர் துண்டைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. அசையாமல் படுத்திருப்பதால் வருவது என்றார். உன்னைக் கொண்டுபோனது சிறுநீரகம்தான் என்றும் சொன்னார். இருக்கலாம். ஆனால் அந்தக் கடைசி மாதம் திரும்பிப் படுக்க முடியாமல் நீ பட்ட வலி? அதில் என் பங்கு எவ்வளவு, கிரேஸ்?

இப்போது திருப்பதிச் செய்தியைச் சொல்கிறேன். ஷீபாவின் மாமியார் ராஜம்மா குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. ஷீபா வீட்டில்தான் படுத்திருக்கிறார். அவள் ஸ்ரீசிட்டி தொழிற்பேட்டை வேலைக்குப் போய்வந்துகொண்டே பார்த்துக்கொள்கிறாள். போன வாரம் போனில், "நைனா, அத்தைக்கும் அதே மூங்கில் துண்டு வாங்கினேன். அம்மா சொன்ன மாதிரியே கொதிக்க வெச்சி தொவைச்சிக்கினு கீறேன்" என்றாள்.

நான் "சரிம்மா" என்று சொல்லி போனை வைத்துவிட்டேன்.

சரிம்மா! மூன்று நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. சொன்னால், பதில் பேச முடியாத உன்மேல் குற்றம் சொன்னதாகும். சொல்லாவிட்டால் இன்னொரு முதுகு. சனிக்கிழமை காலை, நோட்டில் ஒட்டிவைத்திருந்த அந்தச் சீட்டைப் பிய்த்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன்.

"இன்னா சம்பந்தி, பரீட்சைக்குப் போற மாதிரி மூஞ்சிய வெச்சிக்கினு வந்துகிறீங்கோ?" என்றார் ராஜம்மா, கட்டிலிலிருந்து. சமையலறையில் குண்டான் கொதித்துக்கொண்டிருந்தது. உள்ளே துண்டுகள்.

"ஷீபா, அடுப்ப அணைம்மா."

"ஏன் நைனா?"

சீட்டை நீட்டினேன். அவள் படித்துவிட்டு, "இது ஏது?" என்றாள்.

"அம்மா துண்டுல இருந்தது. அப்பவே படிச்சேன்."

"அப்பவே படிச்சிட்டு இன்னாத்துக்கு கம்முனு இருந்தே? அம்மா முதுகு..." அடுப்பை அணைத்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. நீல பாட்டிலைப் பற்றியும் சொன்னேன். அரைகுறையாகச் சொல்லிவிட்டு வர மனம் ஒப்பவில்லை.

"அவர எதுக்கும்மா திட்றே?" என்று ராஜம்மா குரல் கொடுத்தார். "இப்பவாவது வாயத் தொறந்தாரே. இல்லன்னா என் முதுகு இல்ல போயிருக்கும்!"

அவர் வேடிக்கையாகத்தான் சொன்னார். நான் நேரே குண்டானிடம் போனேன்.

துண்டுகளை எடுத்து ஆறவிட்டேன். ஒன்றின்மேல் ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பார்த்தேன். முத்து மாதிரி உருண்டு நின்றது. அவளும் அந்த நீலத் திரவம் ஊற்றியிருந்தாள் போலிருக்கிறது. பச்சைத் தண்ணீரில் கொஞ்சம் வினிகர் விட்டு ஊறவைத்தேன். பிறகு அரை மூடி சோப்புத் திரவத்தில், பிரஷ் போடாமல் கையாலேயே அலசினேன். ஈரத்தில் அந்த நூலுக்குப் பலம் கிடையாது, முறுக்கினால் அறுந்துவிடும். அதனால் உள்ளங்கைகளுக்கு நடுவில் வைத்து அழுத்தி நீரை எடுத்து, உதறி, பால்கனி நிழலில் போட்டேன். வளையல் பட்டு வெளியே வந்திருந்த இழைகளை இழுக்காமல் கத்தரித்தேன். ஷீபா வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். சாயங்காலம் மறுபடி ஒரு சொட்டு விட்டேன். கொஞ்சம் யோசித்துவிட்டு உள்ளே போயிற்று.

உனக்கு இதைச் செய்திருக்க வேண்டும்.

நான் கிளம்பும்போது ஷீபா அந்தச் சீட்டைத் திருப்பித் தரவில்லை. குளியலறைக் கதவில் ஒட்டியிருந்தாள். "பாத்து போ நைனா" என்றாள். நான்கு நாளாக அவளிடமிருந்து போன் இல்லை. அவளுக்கு என்மேல் கோபமா, இல்லை அழுதுகொண்டிருக்கிறாளா? நான் சொன்னது சரிதானே, கிரேஸ்? அன்று நான் கொஞ்சம் அழுத்திச் சொல்லியிருந்தால் நீ கேட்டிருப்பாயா? கேட்டிருப்பாய் என்று நினைத்தால்தான் அதிகம் வலிக்கிறது.

இந்தக் கடிதத்தை நம் சர்ச்சின் சபைத் தாளில் போடக் கொடுக்கிறேன். வேறு யார் வீட்டிலாவது அண்டா கொதித்துக்கொண்டிருக்கலாம்.

உனக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன். படித்ததை இனி வாய்க்குள் வைத்துக்கொள்ள மாட்டேன், எதிரில் இருப்பவர் உன்னைப்போல விவரம் தெரிந்தவராக இருந்தாலும். இன்று ஷீபா கூப்பிடாவிட்டால் நானே கூப்பிடுகிறேன். நாளைக் காலை பால்காரரிடம் அரை லிட்டர் என்று சொல்லிவிடுகிறேன்.

உன் பேச்சைத் தட்டத் தெரியாத வீட்டுக்காரன்,
ஷீபாவின் நைனா,
சாமுவேல்