அப்பா வரும் இடம்

மார்ச் 4

அன்புள்ள தம்பிக்கு,

இங்கே நானும் அம்மாவும் சுகம். இருபது வருடம் அடுத்தவர் படங்களுக்கு மேனேஜராக ஓடி ஓடித் தேய்ந்தவன் நீ. கடைசியில் சொந்தமாகவே ஒரு படம் எடுத்துவிட்டாய் என்று, அம்மாவை அழைத்துக்கொண்டு முதல் வாரமே போனேன்.

இடைவேளைக்குப் பிறகு ஒரு சவ ஊர்வலம். நம் தெரு. பாடையில் நம் அப்பா. வாசலில் தலைவிரிகோலமாக நான். பின்சீட்டில் ஒருத்தி, "இந்தப் பொம்பளை என்னமா நடிக்குது!" என்றாள். அம்மா நிமிர்ந்து உட்கார்ந்து திரையையே பார்த்தாள்.

ஓரத்திலிருந்து ஒரு கை வந்து என் தோளைப் பிடித்து நகர்த்துகிறது. உன் கைதான். அப்பாவை எடுத்த அன்றைக்கு நீ என்னைத் தாங்கிப் பிடித்தாய் என்று பத்து மாதமாகப் பார்ப்பவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன். எதற்காகப் பிடித்தாய் தம்பி?

அக்கா

மார்ச் 9

அன்புள்ள அக்காவுக்கு,

உன்னிடம் பொய் சொல்ல மாட்டேன். நீ கேமராவுக்கு அப்பா முகத்தை மறைத்தாய். அதற்காகத்தான் நகர்த்தினேன்.

படத்தில் ஊர்வலக் காட்சி மட்டும் பாக்கி இருந்தது. அன்று காலை வாசலுக்கு வந்தால் தெரு நிறையக் கூட்டம். மகனாக நின்று அழுதிருக்க வேண்டும். பாழாய்ப் போன மேனேஜர் புத்தி, எதிர்வீட்டு மாடியில் கேமராவை ஏற்றச் சொன்னது. தூக்கியவர்களிடம், "கொஞ்சம் மெதுவா நடங்க" என்றேன். அப்பாவைப் பிரிய மனமில்லாமல் சொல்கிறேன் என்று நினைத்து, பாவம், அவர்களும் மெதுவாக நடந்தார்கள். அதை நினைத்தால் கூனிக் குறுகிப் போகிறேன் அக்கா.

எல்லாப் பிரதிகளிலிருந்தும் அந்த இடத்தை வெட்டச் சொல்லிவிட்டேன். நாளை மறுநாள் முதல் எந்தத் தியேட்டரிலும் வராது. அம்மா முகத்தில் எப்படி விழிப்பேன்?

உன் தம்பி

மார்ச் 13

தம்பிக்கு,

ஒன்றை உனக்கு எழுதாமல் விட்டேன். அன்று பார்த்ததிலிருந்து அம்மா தினமும் பகல் காட்சிக்குப் போய்க்கொண்டிருந்தாள். பாட்டு, சண்டைக்கெல்லாம் கண்ணை மூடிக்கொள்வாள். அப்பா வரும்போது நிமிர்ந்து உட்காருவாள். "அன்னைக்கு நான் உள்ள மயங்கிக் கிடந்தேன்டி. அவரைப் பார்த்து அனுப்பவே இல்ல. இப்பத்தான் அனுப்புறேன்" என்பாள்.

முந்தாநாள் படம் முடிந்தும் எழுந்திருக்கவில்லை. டிக்கெட் கிழிப்பவரிடம், "எங்க வீட்டுக்காரர் வர்ற இடம் எங்கப்பா?" என்று கேட்டிருக்கிறாள்.

எடுக்கும்போதும் எங்களைக் கேட்கவில்லை. வெட்டும்போதும் கேட்கவில்லை. என்ன வெட்கம்டா உன் வெட்கம்?

அக்கா

மார்ச் 16

அக்கா,

வெட்டிய துண்டு என் மேஜைமேல் இருக்கிறது. நீங்கள் இரண்டு பேரும் சரி என்றால் நானே எடுத்து வந்து, தியேட்டர் ஆபரேட்டரிடம் கொடுத்துப் பழைய இடத்திலேயே ஒட்டச் சொல்கிறேன். என் கையும் அதில் அப்படியே இருக்கும். அது எதற்கு நீண்டது என்று அம்மாவிடம் என் வாயாலேயே சொல்லிவிடுகிறேன்.

அப்பா வரும்போது அம்மாவுக்குப் பக்கத்தில் நான் உட்காரலாமா? கேட்டு எழுது.

உன் தம்பி