இரண்டு துவக்குகளும் வேண்டாம், அண்ணை

மொன்றியல்
30.01.2004

அன்புள்ள பெரியண்ணைக்கு,

மாதாவின் துணையோடு பென்சில்வேனியாவில் நீங்களும் அண்ணியும் நலமாயிருப்பீர்கள். நாங்களும் நலம் என்று எழுதினால் நம்பமாட்டீர்கள், ஆகவே எழுதவில்லை. இவருடைய இடது கையில் போட்ட தையல் வெட்டியாயிற்று. கடை திறந்திருக்கிறது. கத்தியோடு வந்தவன் இன்னும் பிடிபடவில்லை. பொலிஸ் வந்து கேட்டதையே கேட்டுவிட்டுப் போகிறது. ஷெரோன் பிரெஞ்சில் வகுப்பிலேயே முதலாவது. வீட்டில் அவளைப் பிடிக்க முடியவில்லை.

நீங்கள் இவருக்கு அனுப்பிய கடிதத்தையும் இரண்டு படங்களையும் பார்த்தேன். மச்சானுக்காகக் கடைகடையாய் ஏறி இறங்கி, இரண்டு சின்னத் துவக்குகளையும் கையில் பிடித்துப் பார்த்து எழுதியிருக்கிறீர்கள். வாசிக்க வாசிக்கக் கண் கலங்கியது. கோபமும் வந்தது.

ஒன்று ஐந்து குண்டு போடும் ரிவோல்வர். சிக்காது, ஆனால் விசை கடினம், சுட்டால் கையை உதறும். மற்றது தட்டையான பிஸ்டல். குண்டு அதிகம் பிடிக்கும், விசை இலேசு, ஆனால் மேல்பாகத்தை மற்றக் கையால் பின்னுக்கு இழுத்து ஆயத்தப்படுத்த வேண்டும். காயப்பட்ட கைக்கு அது சரிவராது, ரிவோல்வர்தான் என்று முடித்திருக்கிறீர்கள். இரண்டில் ஒன்றை எடுத்தே ஆகவேண்டுமென்றால் நானும் அதையே சொல்லியிருப்பேன். துவக்கைக் கண்டு நடுங்குகிறவள் என்று என்னை நினைக்கவேண்டாம். மன்னாரில் நானும் உங்களோடுதானே வளர்ந்தேன்.

ஆனால் இங்கே நடந்ததைக் கேளுங்கள். சாமான்களுக்கு விலைச்சீட்டு ஒட்டும் கருவி இருக்கிறதல்லவா, பிடியும் விசையுமாக? உங்கள் கடிதம் வந்த நாளிலிருந்து இவர் அதைக் காசுமேசைக்குக் கீழே வைத்து, கதவு மணி அடித்ததும் எடுத்து நீட்டிப் பழகினார். நான் நன்றாகக் கேலி செய்தேன்.

செவ்வாய்க்கிழமை பின்னேரம் எங்கள் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியே குளிரில் விறைத்துக் கிடந்தது. தை மாதத்தில் எங்கள் கடைக்கு வருகிற ஒருவருக்கும் முகம் கிடையாது அண்ணை. தொப்பியும் சால்வையும் போக இரண்டு கண், கை இரண்டும் பொக்கற்றுக்குள். நான் பின்னால் பால் அடுக்கிக்கொண்டிருந்தேன். மணி அடித்தது. வந்த ஆள் நேரே மேசைக்குப் பின்னால் வந்தது. எங்கள் ஆட்கள் அப்படித்தானே, முன்னால் நின்று கதைக்கத் தெரியாது. இவர் கருவியை எடுத்து அந்த ஆளின் நெஞ்சில் வைத்து அமத்தினார். ஒரு தரமல்ல, விடாமல் அமத்தினார்.

அப்பா, நான்தான் அப்பா என்று கத்தியது ஷெரோன். பள்ளிக்கூடத்தால் வந்தவள். அவளுடைய கோட்டில் வரிசையாய் விலைச்சீட்டு. பிறகு அவள் சிரித்தாள். இவர் பால் பெட்டியின் மேல் அப்படியே குந்திவிட்டார்.

அதோடு ஆசை விட்டுப்போகும் என்றிருந்தேன். நேற்று உங்களோடு போனில் கதைத்தது கேட்டது. மச்சான், எப்ப வாறியள், அதை மறந்திடாதேங்கோ என்றார். ஷெரோனுக்கு நடந்ததைப் பற்றி உங்களிடம் ஒரு சொல் சொல்லவில்லை. அதனால்தான் நான் எழுதுகிறேன்.

லொங்குய்யில் வழக்கறிஞர் ஒருவரிடம் வேலை செய்யும் பிரியந்தியிடம் விசாரித்தேன். இவ்வளவு கட்டைக் குழல் துவக்கை எங்களைப் போன்றவர்கள் இந்த நாட்டில் வைத்திருக்கவே முடியாதாம். எல்லையில் பிடித்தால் நீங்கள் மறியல் கம்பிக்குள் போவீர்கள். பிடிக்காவிட்டால் அதைவிட மோசம். அது எங்கள் மேசைக்குக் கீழே வந்துவிடும்.

நான் முடிவெடுத்துவிட்டேன். இனி இருட்டினால் கடை பூட்டு. மேசைக்கு முன்னால் தடித்த கண்ணாடி போட ஆள் வருகிறது. யாராவது மிரட்டினால் காசை மேசை லாச்சியோடு எடுத்துக்கொண்டு போகட்டும். நான் வேண்டாம் என்றால் பெண்பிள்ளைப் பயம் என்பார். நீங்கள் முடியாது என்றால் அடங்குவார். சொல்லுங்கள். மீறிக் கொண்டுவந்தால், கூடப்பிறந்தவர் என்றும் பாராமல் நானே பொலிசுக்கு அறிவிப்பேன். இது வெருட்டு இல்லை.

ஆனால் கட்டாயம் வாருங்கள், அண்ணை. கத்தியோடு அவன் முன்னால் நின்றபோது என்ன நடந்தது என்று இவர் இன்றுவரை என்னிடம் சொல்லவில்லை. உங்களிடம் சொல்லக்கூடும். ஆண்டவர் உங்கள் வழியைக் காக்கட்டும். வெறுங்கையோடு வந்து கொஞ்ச நாள் அவர் பக்கத்தில் இருங்கள்.

உங்கள் அன்புத் தங்கை,
செலீன் ஜோன்சன்